மஞ்சளின் பெயருக்குள் பெருங்காயம்

(ஈரோட்டில் மஞ்சள் விவசாயிகளும் கல்லூரி மாணவர்களும் கூடியிருந்த அவையில், ஓய்வுபெற்ற வேதியியல் ஆசிரியர் ஒருவர் ஆற்றிய சொற்பொழிவின் அச்சு வடிவம்)



"குர்குமின் எத்தனை பர்சென்ட்?" மஞ்சள் வாங்க வருகிறவர்களில் பலர் இப்போது முதலில் கேட்பது இதைத்தான். முன்பெல்லாம் விரலியை எடுத்து ஒடிப்பார்கள், உடைந்த இடத்தின் நிறத்தைப் பார்ப்பார்கள், நன்றாகக் காய்ந்ததா, மெருகு சரியாக ஏறியிருக்கிறதா என்று பார்ப்பார்கள். அதெல்லாம் இன்றும் நடக்கிறது. ஆனால் ஏற்றுமதிக்கு வாங்குகிறவரும், சாறு எடுக்கும் ஆலைக்கு வாங்குகிறவரும் ஓர் எண்ணைக் கேட்கிறார்கள். மூட்டையின் விலை அந்த எண்ணைப் பொறுத்து ஏறுகிறது, இறங்குகிறது. எண்ணுக்கு முன்னால் நிற்கும் பெயர் எதைக் குறிக்கிறது என்று மட்டும் யாரும் கேட்பதில்லை. அதைத்தான் இன்று உங்களோடு சேர்ந்து படித்துப் பார்க்கப் போகிறேன். குர்குமின் என்ற பெயர் ஒரே நேரத்தில் மூன்று வேறு பொருள்களுக்கு வழங்குகிறது. அதனால் விவசாயிக்கும் நட்டம், நோயாளிக்கும் நட்டம் என்பது என் உறுதியான கருத்து.

பெயரின் முன்பாதியிலிருந்து தொடங்குகிறேன். மஞ்சள் செடியின் தாவரவியல் பெயர் குர்குமா லாங்கா. இதை 1753இல் நூலேற்றியவர் லின்னேயஸ். குர்குமா என்பது அரபு மொழியின் 'குர்கும்' என்ற சொல்லிலிருந்து வந்தது. குங்குமப்பூ, மஞ்சள் என்று மஞ்சள் நிறம் கொடுக்கும் பொருள்களை அரேபியர் அந்தச் சொல்லால் குறித்தார்கள். லாங்கா என்றால் நீண்டது. லின்னேயஸுக்கு முன்பே, 1687இல், பால் ஹெர்மன் என்பவர் லைடன் பல்கலைக்கழகத் தோட்டத்துச் செடிகளைப் பற்றிய தம் நூலில் 'நீண்ட வேருடைய குர்குமா' என்று இதைப் படத்தோடு பதிந்திருக்கிறார். அவர் டச்சுக் கம்பெனியின் மருத்துவராக இலங்கையில் பல ஆண்டுகள் வேலை பார்த்தவர். நம் விரலியை மனத்தில் வைத்துக்கொண்டால் அந்த 'நீண்ட' என்ற சொல் உடனே விளங்கிவிடும். 1692இல் வெளிவந்த ஹோர்த்துஸ் மலபாரிக்குஸ் பதினோராம் தொகுதியில் இதே செடி 'மஞ்செல்ல குவா' என்று இருக்கிறது. மலையாளக் கரையில் கேட்ட பெயரை அப்படியே லத்தீன் எழுத்தில் எழுதிக்கொண்டார்கள். வாலெட்டன் என்ற தாவரவியலாளர் 1918இல் இதற்குக் குர்குமா டொமெஸ்டிகா என்று பெயர் வைத்தார். பழைய ஆய்வுக் கட்டுரைகளில் அந்தப் பெயரைக் கண்டால் வேறு செடி என்று எண்ணிவிட வேண்டாம்.

பின்பாதியாகிய 'இன்' வேதியியலாளர் ஒட்டியது. 1815இல் பிரான்சில் வோகெல், பெல்லெத்தியே என்ற இருவர் மஞ்சளிலிருந்து நிறத்தை மட்டும் பிரித்தெடுத்தார்கள். இந்தப் பெல்லெத்தியே சாதாரண ஆள் இல்லை. 1818இல் எட்டி இனத்து விதைகளிலிருந்து ஸ்ட்ரிக்னினையும், 1820இல் சிங்கோனா பட்டையிலிருந்து குயினைனையும் காவந்து என்ற நண்பரோடு சேர்ந்து பிரித்தவர் அவர். ஒரு செடியின் குணம் முழுவதையும் செடியின் மேலேயே ஏற்றிச் சொல்லிவந்த உலகத்தில், அந்தக் குணத்துக்குக் காரணமான பொருளைத் தனியே எடுத்துப் புட்டியில் போட்டு அதற்கு ஒரு பெயரும் வைக்கலாம் என்று காட்டிய தலைமுறை அது. பேரினப் பெயரின் வாலை வெட்டிவிட்டு இப்படி ஓர் ஒட்டைச் சேர்ப்பது அவர்கள் வழக்கமாகக் கையாண்ட முறை. பைப்பர் என்ற மிளகிலிருந்து பைப்பரின், கேப்சிகம் என்ற மிளகாயிலிருந்து கேப்சைசின்.

இங்கே மாணவர்களுக்கு ஒரு நுட்பம். தமிழில் குர்குமின், பைப்பரின் இரண்டும் ஒரே மாதிரி முடிகின்றன. ஆங்கில எழுத்தில் அப்படி முடிவதில்லை. நைட்ரஜன் கொண்ட, காரத்தன்மையுள்ள ஆல்கலாய்டுகளுக்குக் கடைசியில் ஓர் உயிரெழுத்து கூடுதலாக வரும். குர்குமின், வெனிலின் போன்றவற்றுக்கு அது வராது. அந்த ஓர் எழுத்தைப் பார்த்தே பொருளின் குடும்பத்தைப் பெரும்பாலும் ஊகித்துவிடலாம். தமிழ்ப் பாடநூலில் படிக்கிறவர்களுக்கு அந்த உதவி கிடைப்பதில்லை. பைப்பரினில் நைட்ரஜன் உண்டு, குர்குமினில் இல்லை என்பதை அவர்கள் தனியாக நினைவில் வைக்க வேண்டும்.

பெல்லெத்தியே வைத்த பெயர் ஓர் அடையாளச் சீட்டு மட்டும்தான். 'குர்குமாவிலிருந்து வந்தது' என்பதற்கு மேல் அதில் செய்தி கிடையாது. உள்ளே என்ன இருக்கிறது என்று தெரிய ஏறக்குறைய நூறாண்டு ஆயிற்று. 1870இல் டௌபே என்பவர் இதைத் தூய படிகமாக எடுத்தார். 1910இல் மிவோபென்ட்ஸ்கா, கோஸ்தனெத்ஸ்கி, லாம்பே என்ற மூன்று போலந்துக்காரர்கள் அதன் கட்டமைப்பைக் கண்டுபிடித்தார்கள். 1913இல் லாம்பேயும் மிவோபென்ட்ஸ்காவும் மஞ்சளே இல்லாமல் ஆய்வகத்தில் அதைச் செய்தும் காட்டினார்கள். அதற்குப் பிறகுதான் குர்குமினுக்கு உண்மையான பொருளில் ஓர் அறிவியல் பெயர் சாத்தியமாயிற்று. பன்னாட்டு விதிமுறைப்படி அந்தப் பெயரை இப்போது முழுதாகச் சொல்கிறேன், கரும்பலகையிலும் எழுதியிருக்கிறேன்.

(1ஈ,6ஈ)-1,7-பிஸ்(4-ஹைட்ராக்சி-3-மீதாக்சிபினைல்)ஹெப்டா-1,6-டையீன்-3,5-டையோன்.

பயப்பட ஒன்றும் இல்லை. பட்டா சிட்டாவில் சர்வே எண்ணும் உட்பிரிவும் பார்த்து இன்ன இடம் என்று நீங்கள் கண்டுபிடிக்கிறீர்களே, அதே வேலைதான் இது. பெயரைக் கடைசியிலிருந்து படியுங்கள். ஹெப்டா என்றால் ஏழு. ஏழு கார்பன் அணுக்கள் வரிசையாகக் கைகோத்து நிற்கின்றன; 1 முதல் 7 வரை எண் போட்டாகிவிட்டது. 'டையோன்' என்றால் இரண்டு இடத்தில் ஆக்சிஜன் இரட்டைப் பிணைப்போடு ஒட்டியிருக்கிறது, எந்த இரண்டு? 3ஆம், 5ஆம் கார்பன். 'டையீன்' என்றால் இரண்டு இடத்தில் கார்பனுக்கும் கார்பனுக்கும் இரட்டைப் பிணைப்பு. 1இல் ஒன்று தொடங்குகிறது, 6இல் ஒன்று தொடங்குகிறது. '1,7-பிஸ்' என்றால் வரிசையின் இரண்டு முனையிலும் ஒரே மாதிரியான தொகுதி ஒன்று தொங்குகிறது. அந்தத் தொகுதி என்னவென்று அடைப்புக்குறிக்குள் இருக்கிறது: ஆறு கார்பன் கொண்ட வளையம், அதன் 4ஆம் இடத்தில் ஹைட்ராக்சி, 3ஆம் இடத்தில் மீதாக்சி. தொடக்கத்தில் நிற்கும் 'ஈ' ஒரு ஜெர்மன் சொல்லின் முதலெழுத்து. எதிர்ப்புறம் என்று பொருள். இரட்டைப் பிணைப்பின் இருபுறமும் முதன்மையான கைகள் எதிரெதிர்த் திசையில் நீண்டிருப்பதை அது சொல்கிறது. அதனால்தான் இந்த மூலக்கூறு வளைந்து சுருளாமல் நீளமாக நிற்கிறது.

வரிசையில் கார்பன் 7, இரண்டு வளையத்தில் 12, இரண்டு மீதாக்சியில் 2. ஆக 21. குர்குமின் மூலக்கூறில் கார்பன் 21, ஹைட்ரஜன் 20, ஆக்சிஜன் 6. பெயரை மட்டும் கையில் கொடுத்தால், மஞ்சளையே கண்ணால் காணாத ஒரு மாணவி டோக்கியோவில் உட்கார்ந்து இந்த மூலக்கூறை ஓர் அணுவும் பிசகாமல் வரைந்துவிடுவாள். இந்த நீண்ட பெயரை மக்களிடம் கொண்டுபோக வேண்டும் என்று நான் விரும்புவதற்குக் காரணம் அதுதான். அது பொருளை ஒளிக்கவில்லை, திறந்து காட்டுகிறது.

இதே மூலக்கூறுக்கு இன்னொரு பெயர் உண்டு: டைஃபெருலாயில்மீத்தேன். எனக்கு மிகவும் பிடித்த பெயர் இது. இதன் நடுவில் இருக்கும் 'ஃபெருலா' என்ன தெரியுமா? பெருங்காயச் செடி. ஈரான், ஆப்கானிஸ்தான் மலைகளில் வளரும் அந்தச் செடியின் பேரினப் பெயர் ஃபெருலா. அதன் வேரைக் கீறினால் வடியும் பாலிலிருந்து 1866இல் ஹ்லாசிவெட்ஸ், பார்ட் என்ற இருவர் ஓர் அமிலத்தைப் பிரித்து ஃபெருலிக் அமிலம் என்று பெயரிட்டார்கள். பிறகு பார்த்தால் அது எங்கும் இருக்கிறது. நெல் தவிட்டில் இருக்கிறது, கோதுமைத் தவிட்டில் இருக்கிறது. தவிட்டெண்ணெய் பாக்கெட்டில் ஒரிசனால் என்று பெருமையாக அச்சிடுகிறார்களே, அதுவும் ஃபெருலிக் அமிலத்தின் வழிவந்தவற்றின் கூட்டம்தான். இரண்டு ஃபெருலிக் துண்டுகளை நடுவில் ஒரே ஒரு கார்பன் வைத்து இணைத்தால் குர்குமின். ஒரு துண்டுக்குக் கார்பன் 10, இன்னொன்றுக்கு 10, நடுவில் 1. இந்த வழியில் கூட்டினாலும் 21. செடியும் கிட்டத்தட்ட இப்படித்தான் செய்கிறது. 2009இல் ஜப்பானிய ஆய்வாளர்கள் மஞ்சள் கிழங்கில் இரண்டு நொதிகளைக் கண்டறிந்தார்கள். ஒன்று ஃபெருலிக் துண்டை நீட்டித் தயாராக வைக்கிறது, மற்றது இரண்டாவது துண்டைக் கொண்டுவந்து சேர்க்கிறது. ஆய்வகத்தில் வைத்த பெயர் செடியின் கைவேலையையே சொல்லிவிட்டது.

வளையத்தில் 4-ஹைட்ராக்சி-3-மீதாக்சி என்று பார்த்தோம் அல்லவா? அதே வளையம், அதே இடத்தில் அதே இரண்டு ஒட்டுகளோடு, வெனிலாவின் மணமான வெனிலினில் இருக்கிறது. மிளகாயின் காரமான கேப்சைசினில் இருக்கிறது. இஞ்சியின் காரமான ஜிஞ்சராலில் இருக்கிறது. அஞ்சறைப்பெட்டியிலிருந்து எடுக்கும் மஞ்சளும் மிளகாயும் வேதியியலில் உறவுமுறை என்பதை அவற்றின் சாதாரணப் பெயர்கள் சொல்லாது. அடைப்புக்குறிக்குள் இருக்கும் துண்டு சொல்லிவிடும்.

இப்போது மேசைக்கு வருவோம். முன்வரிசையில் இருக்கும் பிள்ளைகள் கிட்டே வந்து பார்க்கலாம். மஞ்சள் தூளை எரிசாராயத்தில் கலக்கி, தெளிவை மட்டும் இந்த வடிகட்டித் தாளில் ஊற்றிக் காயவைத்திருக்கிறேன். தாள் பளிச்சென்று மஞ்சளாக இருக்கிறது. இதன் மேல் ஒரு சொட்டு சுண்ணாம்புத் தெளிநீர். பாருங்கள், விழுந்த இடம் உடனே செங்கல் சிவப்பு. அதே இடத்தில் எலுமிச்சைச் சாறு ஒரு சொட்டு, திரும்ப மஞ்சள். ஆரத்தித் தட்டில் மஞ்சள் நீரில் சுண்ணாம்பைக் கலக்கும்போது நம் பெண்கள் தலைமுறை தலைமுறையாகச் செய்துவரும் மாற்றம் இது. மஞ்சள் கறை பட்ட வேட்டிக்குச் சோப்புப் போட்டதும் கறை சிவந்து பயமுறுத்துவதும், அலசினால் மறுபடி மஞ்சளாவதும் இதே மாற்றம்தான். காரம் பட்டால் ஹைட்ராக்சி ஒட்டு தன் ஹைட்ரஜனை விட்டுக்கொடுக்கிறது, மூலக்கூறு ஒளியை வாங்கும் விதம் மாறுகிறது, கண்ணுக்குச் சிவப்பு. பெயரில் '4-ஹைட்ராக்சி' என்ற துண்டு இல்லாதிருந்தால் ஆரத்தி இப்படிச் சிவந்திருக்காது.

மஞ்சளோடு வெங்காரமும் படிகாரமும் எலுமிச்சைச் சாறும் சேர்த்துக் குங்குமம் செய்வார்கள். அதில் நடப்பது வேறு. சுண்ணாம்புச் சிவப்பு எலுமிச்சை பட்டால் போய்விட்டதைப் பார்த்தீர்கள். எலுமிச்சையிலேயே ஊறிய குங்குமத்தின் சிவப்பு போவதில்லை. வெங்காரத்தில் போரான் இருக்கிறது. அமிலச் சூழலில் குர்குமின் போரானைப் பற்றிக்கொண்டு புதிய சிவப்புப் பொருளாகிவிடுகிறது. இரண்டு குர்குமின் மூலக்கூறுகள் நடுவில் ஒரு போரானைப் பிடித்துக்கொண்டிருக்கும் அத்தகைய சேர்மத்துக்கு ரோசோசயனின் என்று பெயர். உங்கள் வயல் மண்ணில் போரான் பற்றாக்குறை இருக்கிறதா என்று பார்க்க ஆய்வகங்களில் கையாளும் முறைகளில் ஒன்று இந்தச் சிவப்பை அளப்பதுதான். மஞ்சள் விளையும் மண்ணைச் சோதிக்க மஞ்சளின் நிறமே கருவியாகிறது.

இந்தப் போரானைப் பற்றும் இடம் எது? பெயரில் '3,5-டையோன்' என்று பார்த்தோமே, அந்த இரண்டு ஆக்சிஜன்கள் இருக்கும் இடம். இங்கே ஒன்றைச் சொல்லியாக வேண்டும். குர்குமின் படிகத்திலும் பெரும்பாலான கரைசல்களிலும் இரண்டு ஆக்சிஜனும் கீட்டோனாக இருப்பதில்லை. நடுக் கார்பனிலிருந்து ஒரு ஹைட்ரஜன் நகர்ந்து ஓர் ஆக்சிஜனிடம் போய் அமர்ந்துகொள்கிறது. அதை ஈனால் வடிவம் என்கிறோம். அந்த வடிவத்துக்கு விதிப்படி பெயர் எழுதினால் 'டையோன்' போய்விடும், 'ட்ரையீன்' வந்துவிடும், எண்கள் மாறிவிடும். ஒரே புட்டியில் இருக்கும் ஒரே பொருளுக்கு முறையான இரண்டு நீண்ட பெயர்கள், இரண்டும் சரி. நூல்களில் பெரிதும் வழங்குவது கீட்டோன் பெயர். பொருள் பெரிதும் இருப்பது ஈனால் வடிவத்தில். ஆகவே எவ்வளவு நுட்பமான பெயரானாலும் பெயரைப் படித்ததோடு நிறுத்தாமல் பொருளையும் பார்க்க வேண்டும் என்று மாணவர்களைக் கேட்டுக்கொள்கிறேன்.

இனி சந்தைக்கும் சான்றிதழுக்கும் வருகிறேன். மஞ்சளில் நிறம் கொடுப்பது ஒரே மூலக்கூறு இல்லை, மூன்று. முதலாவது நாம் இதுவரை பேசிய குர்குமின். இரண்டாவதில் ஒரு வளையத்திலிருந்து மீதாக்சி ஒட்டு காணாமல் போயிருக்கும். ஆகவே டிமீதாக்சிகுர்குமின். மூன்றாவதில் இரண்டு வளையத்திலும் அது இருக்காது. ஆகவே பிஸ்டிமீதாக்சிகுர்குமின். மூன்றையும் சேர்த்துச் சொல்லக் குர்குமினாய்டுகள் என்று பொதுப்பெயர் உண்டு. 'ஆய்டு' என்றால் அதைப் போன்றவை. கடைகளில் '95 சதவீதம் குர்குமின்' என்று விற்கிற சாற்றில் 95 என்பது மூன்றின் கூட்டுத்தொகை. அதைப் பிரித்துப் பார்த்தால் முதலாவது ஏறத்தாழ முக்கால் பங்கு, இரண்டாவது ஐந்திலொரு பங்குக்குச் சற்றுக் குறைவு, மீதி மூன்றாவது. ஆக, தூய குர்குமின் 95 சதவீதம் இருக்கிறது என்று நினைத்து வாங்குகிறவர் பெறுவது அது இல்லை.

உங்கள் மாதிரியை ஆய்வகத்துக்குக் கொடுத்தால் வழக்கமாக என்ன செய்கிறார்கள்? நிறத்தைக் கரைப்பானில் இறக்கி, 425 நானோமீட்டர் அலைநீள ஒளியை எவ்வளவு விழுங்குகிறது என்று அளக்கிறார்கள். அந்த அலைநீளத்தில் மூன்றும் சேர்ந்தே விழுங்கும். கருவியால் மூன்றையும் பிரிக்க முடியாது. ஆனால் வரும் சான்றிதழில் 'குர்குமின்' என்று ஒற்றைச் சொல்லில் எழுதிவிடுகிறார்கள். இன்னோர் ஆய்வகம் மூன்றையும் தனித்தனியே பிரிக்கும் எச்.பி.எல்.சி. கருவியில் அளந்து முதலாவதை மட்டும் 'குர்குமின்' என்று எழுதும். ஒரே வயல், ஒரே மூட்டை, ஒரே நாள், இரண்டு வேறு எண். விவசாயி கூடிய எண்ணைப் பார்ப்பார், வாங்குகிறவர் குறைந்த எண்ணைக் காட்டி விலையைக் குறைப்பார். இரண்டு ஆய்வகமும் பொய் சொல்லவில்லை; ஒரு பெயரை இரண்டு பொருளுக்கு வைத்துக்கொண்டிருக்கிறார்கள். இந்தத் தகராறு தீர வேண்டிய இடம் சான்றிதழின் தலைப்பு வரி.

எண்ணைத் துரத்திக்கொண்டு ரகங்கள் மாறுவதையும் பார்க்கிறோம். மேகாலயாவின் லக்கடாங் மஞ்சளில் 7 சதவீதம் வரை இருக்கிறது. கோழிக்கோட்டு நறுமணப் பயிர் ஆராய்ச்சி நிலையத்தின் பிரதிபா 6 சதவீதத்தைத் தொடுகிறது. நம் ஈரோட்டு மஞ்சள் அதற்குக் கீழேதான். அதை வைத்து நம் மஞ்சள் மட்டம் என்று சொல்வது எனக்கு உடன்பாடில்லை. மஞ்சளின் மணம் குர்குமினிலிருந்து வருவதில்லை. டர்மெரோன் முதலான எளிதில் ஆவியாகும் எண்ணெய்களிலிருந்து வருகிறது. குழம்புக்குப் பதம் கொடுப்பதில் மாவுச்சத்துக்கும் பங்குண்டு. 2019இல் ஈரோட்டு மஞ்சளுக்குப் புவிசார் குறியீடு கிடைத்தது இந்த மண்ணின் மஞ்சள் முழுமைக்கும்தான். மூலக்கூறு ஒன்றின் சதவீதத்தை வைத்துக் கிழங்கு முழுவதையும் எடைபோடுவது, ஒரு பகுதியின் பெயரை முழுப்பொருளுக்குச் சூட்டும் பிழை.

மஞ்சள் என்ற சொல்லை நாமும் இஷ்டத்துக்கு நீட்டி வழங்குகிறோம். கஸ்தூரி மஞ்சள் வேறு இனம். அதில் இந்த நிறப்பொருள் மிகக் குறைவு, அதனால்தான் பூசினால் முகத்தில் ஒட்டுவதில்லை. மரமஞ்சள் குர்குமா குடும்பமே இல்லை. அது ஒரு கொடி. அதன் மஞ்சள் நிறத்துக்குக் காரணம் பெர்பெரின் என்ற ஆல்கலாய்டு. நிறம் ஒன்றாக இருப்பதால் பொருளும் ஒன்று என்று நம்பக்கூடாது. கொடிய உதாரணம் ஒன்றும் இருக்கிறது. வங்கதேசத்தில் மஞ்சளுக்கு நிறம் ஏற்ற ஈயக் குரோமேட்டைப் பூசியதையும், அது மக்களின் இரத்தத்தில் ஈயமாகச் சேர்ந்ததையும் 2019இல் ஸ்டான்ஃபோர்டு ஆய்வாளர்கள் வெளிப்படுத்தினார்கள். சாயங்களின் பன்னாட்டு அட்டவணையில் மஞ்சள் கிழங்கின் நிறம் 'இயற்கை மஞ்சள் 3'. ஈயக் குரோமேட் 'நிறமி மஞ்சள் 34'. கண்ணால் பார்த்தால் இரண்டும் மஞ்சள். ஒன்று உணவு, மற்றது நஞ்சு.

உணவுப் பொட்டலங்களில் குர்குமின் எண் வடிவில் வரும். ஐரோப்பாவில் ஈ 100. பன்னாட்டு உணவு நெறிமுறையில் 100 என்ற எண்ணுக்குள் உட்பிரிவு உண்டு: ஒன்றாவது குர்குமின், இரண்டாவது மஞ்சள். இரண்டும் வேறு என்று அந்த அட்டவணை எழுதியவர்கள் மறக்கவில்லை. பாராட்ட வேண்டும். விளம்பரம் எழுதுகிறவர்கள்தான் மறந்துவிடுகிறார்கள். குர்குமின் மாத்திரை விற்கும்போது 'நம் பாட்டி கொடுத்த மஞ்சள் பால்' என்று எழுதுகிறார்கள். மஞ்சள் தூள் விற்கும்போது 'குர்குமின் ஆய்வுகளில் நிரூபிக்கப்பட்டது' என்று எழுதுகிறார்கள். பழமையின் நம்பிக்கையை மாத்திரைக்கும், ஆய்வகத்தின் மதிப்பைத் தூளுக்கும் மாற்றிக் கொடுக்கிறார்கள்.

கணக்குப் போட்டுப் பாருங்கள். மஞ்சள் தூளில் நிறப்பொருள் சுமார் 3 சதவீதம் என்று வைத்துக்கொண்டால், 3 கிராம் தூளில், அதாவது ஒரு தேக்கரண்டியில், 90 மில்லிகிராம். 500 மில்லிகிராம் மாத்திரை ஒன்றில் இருப்பது கிட்டத்தட்ட 16 கிராம் தூளின் சத்து. எந்தப் பாட்டியும் ஒரு டம்ளர் பாலில் ஐந்து தேக்கரண்டி மஞ்சள் போட்டதில்லை. உணவு நிறமியாகக் குர்குமினுக்கு ஐ.நா. உணவு வேளாண் அமைப்பும் உலக சுகாதார நிறுவனமும் சேர்ந்து அமைத்த நிபுணர் குழு வகுத்த நாள் அளவு, உடல் எடையில் ஒரு கிலோவுக்கு 3 மில்லிகிராம் வரை. 60 கிலோ எடையுள்ளவருக்கு 180 மில்லிகிராம்.

குர்குமின் தண்ணீரில் கரையாது. மஞ்சள் பால் குடித்த டம்ளரின் அடியில் தங்கியிருப்பதைப் பார்த்திருப்பீர்கள். குடலில் இறங்கினாலும் இரத்தத்தில் சேர்வது மிகக் குறைவு. 1998இல் பெங்களூருவில் நடந்த ஓர் ஆய்வு, மிளகின் பைப்பரினைச் சேர்த்துக் கொடுத்தால் இரத்தத்தில் சேரும் அளவு 2000 சதவீதம் கூடுவதாகச் சொன்னது. அன்றிலிருந்து ஒவ்வொரு மாத்திரைப் புட்டியிலும் இந்த எண்ணைப் பார்க்கலாம். ஏறக்குறைய ஒன்றுமில்லாத அளவிலிருந்து இருபது மடங்கு கூடியது என்பதை மட்டும் அச்சிடுவதில்லை. நடுநிலையான, உடம்பின் தன்மையை ஒத்த கரைசலில் வைத்தால் அரைமணி நேரத்தில் பத்தில் ஒன்பது பங்கு சிதைந்துவிடும் பொருள் இது. ஆய்வகச் சோதனைகளில் தானே ஒளிர்ந்தும், கண்ட புரதத்தோடு ஒட்டிக்கொண்டும், இல்லாத விளைவை இருப்பதாகக் காட்டவும் கூடியது. 2017இல் அமெரிக்காவின் மினசோட்டா பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த கேத்ரின் நெல்சனும் உடனிருந்தவர்களும் இதையெல்லாம் தொகுத்து எழுதினார்கள். குர்குமின் எந்த நோய்க்கும் மருந்தாக முறையான மருத்துவச் சோதனையில் தேறவில்லை என்பது அவர்கள் கண்ட முடிவு. அந்தக் கட்டுரை வந்தவுடன் 'மஞ்சளால் பயனில்லை' என்று செய்தி போட்டார்கள். மறுபடியும் அதே பெயர்க் குழப்பம்! அவர்கள் எழுதியது குர்குமின் என்ற மூலக்கூறைப் பற்றி. கிழங்கு முழுவதையும் பற்றித் தீர்ப்புச் சொல்ல அது போதாது. 2019இல் இத்தாலியில் மஞ்சள் சார்ந்த ஊட்டச்சத்து மாத்திரைகளை உட்கொண்ட சிலருக்குக் கல்லீரல் அழற்சி வந்ததை அந்நாட்டு அரசு விசாரித்து எச்சரிக்கை வெளியிட்டது. அதையும் 'மஞ்சள் ஆபத்து' என்று எழுதினார்கள். ரசத்தில் போடும் சிட்டிகைக்கும் அந்த மாத்திரைக்கும் என்ன சம்பந்தம்?

சட்டத்திலும் இந்த வேறுபாடு பெரிது. 1995இல் மிசிசிப்பிப் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த இருவர், காயம் ஆற்ற மஞ்சள் தூளைப் பயன்படுத்தும் முறைக்கு அமெரிக்கக் காப்புரிமை வாங்கினார்கள். மாஷேல்கர் தலைமையில் இருந்த நம் அறிவியல் தொழிலக ஆராய்ச்சிக் குழு 32 எழுத்துச் சான்றுகளைக் காட்டி எதிர்த்தது. 1997இல் காப்புரிமை ரத்தாயிற்று. நாம் எல்லோரும் பெருமைப்படும் வெற்றி அது. எப்படி முடிந்தது? காப்புரிமையில் எழுதியிருந்த பொருளின் பெயர் மஞ்சள். மஞ்சளை நம் பழைய நூல்களுக்குத் தெரியும். பிரித்தெடுத்த ஒரு மூலக்கூறின் பெயரோ, அதை வைத்துச் செய்த ஒரு கலவையோ அந்த இடத்தில் இருந்திருந்தால் பழைய ஓலையில் அந்தப் பெயரைத் தேடி எடுக்க முடியாது. குர்குமின் கலவைகளுக்கு உலகெங்கும் இன்று ஏராளமான காப்புரிமைகள் இருக்கின்றன. ஆகவே நம் மரபறிவைக் காக்க நினைக்கிறவர்கள் மஞ்சள் என்று சொல்ல வேண்டிய இடத்தில் குர்குமின் என்று சொல்லிவிட்டால், கையில் இருக்கும் சான்றைத் தாங்களே கீழே போடுகிறார்கள்.

கடைசியாக விவசாய நண்பர்களிடம் ஒரு வேண்டுகோள். அடுத்த முறை மாதிரியைச் சோதனைக்குக் கொடுக்கும்போது எந்த முறையில் அளக்கப் போகிறீர்கள் என்று கேளுங்கள். 425 நானோமீட்டர் முறை என்றால், சான்றிதழில் 'மொத்தக் குர்குமினாய்டுகள்' என்று எழுதித் தரச் சொல்லுங்கள். எச்.பி.எல்.சி. என்றால் மூன்று எண்களையும் கூட்டுத்தொகையையும் கேட்டு வாங்குங்கள். ஈரப்பதம் எத்தனை சதவீதத்தில் அளந்தார்கள் என்பதும் சான்றிதழில் இருக்கட்டும். ஈரம் கூடினால் எண் குறையும். வாங்குகிறவர் வேறு ஆய்வகத்தின் எண்ணைக் காட்டினால், விலை பேசுவதற்கு முன் இரண்டு தாளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துத் தலைப்பு வரியைப் படியுங்கள். படிப்பதில் சிரமம் இருந்தால் உங்கள் ஊர்க் கல்லூரியின் வேதியியல் துறையில் கேளுங்கள். இங்கே உட்கார்ந்திருக்கும் மாணவர்களே படித்துச் சொல்வார்கள்.